கூட்டில் இரண்டு முட்டைகள்: விலங்குகளின் தன்பாலின நடத்தையை அறிவியல் கண்ட விதம்

லேசன் அல்பட்ராஸ் என்னும் பெரிய கடற்பறவை ஓர் ஆண்டில் ஒரே ஒரு முட்டைதான் இடும். இரண்டு முட்டைகளை ஒருசேர அடைகாக்கவும் அதனால் இயலாது. ஆயினும், ஹவாய்த் தீவுகளில் இப்பறவைகளைக் கவனித்துவந்தவர்கள் சில கூடுகளில் இரண்டு முட்டைகள் கிடப்பதை நெடுங்காலமாகவே பார்த்திருந்தார்கள். வேறெங்கிருந்தோ வந்த ஒரு பெட்டை தன் முட்டையை அங்கே போட்டுவிட்டுப் போயிருக்க வேண்டும் என்பது அதற்குச் சொல்லப்பட்ட காரணம். கூட்டில் முறைவைத்து அமர்ந்து அடைகாத்த இரண்டு பறவைகளில் ஒன்று ஆண், மற்றது பெண் என்பதை மட்டும் எவரும் ஐயுறவில்லை. அல்பட்ராஸில் ஆணும் பெண்ணும் பார்வைக்கு ஒன்றுபோலவே இருக்கும் என்பதால், ஐயுற்றிருந்தாலும் வெறும் கண்ணால் தீர்த்துக்கொள்ள வழியிருந்திருக்காது.

ஓவாஹு தீவின் கயேனா முனையில் இப்பறவைகளை ஆராய்ந்த லிண்ட்சி யங் என்ற உயிரியலாளரும் அவருடைய சக ஆய்வாளர்களும் இறகிலிருந்தும் குருதியிலிருந்தும் எடுத்த மரபணுவைக் கொண்டு பறவைகளின் பாலினத்தைச் சோதித்தபோதுதான் விடை தெரிந்தது. இரண்டு முட்டைகள் இருந்த கூடுகளின் உரிமையாளர்கள் இருவருமே பெண்கள். தம் சோதனையில்தான் பிழை நேர்ந்துவிட்டது என்று கருதி யங் அதை முதலில் மறுபடியும் செய்து பார்த்தார் என்பது இந்தக் கதையில் எனக்குப் பிடித்த பகுதி. 2008இல் வெளியான அவர்களுடைய கட்டுரையின்படி, கயேனா முனையில் 125 கூடுகளில் 39 கூடுகள், அதாவது 31 விழுக்காடு, பெண்–பெண் இணைகளுக்கு உரியவை. அவற்றுள் ஓர் இணை 19 ஆண்டுகள் பிரியாமல் இருந்தது. அங்கிருந்த பறவைகளில் பெண்கள் 59 விழுக்காடு. ஆண் துணை கிடைக்காத பெண், ஏற்கெனவே இணையுள்ள ஓர் ஆணுடன் கூடிக் கருவுற்ற முட்டையை இட்டு, இன்னொரு பெண்ணுடன் சேர்ந்து அதை அடைகாத்துக் குஞ்சு வளர்க்கிறது. இரண்டு முட்டைகளில் ஒன்று எப்படியும் வீணாகிவிடும் என்பதால் ஆண்–பெண் இணைகளைவிட இவை வளர்த்தெடுக்கும் குஞ்சுகள் குறைவுதான். ஆனால் ஒற்றைப் பறவையால் முட்டையைக் காப்பதும் இரைதேடக் கடலுக்குப் போவதும் ஒருங்கே நடவாது; ஆகவே அந்தப் பெண்ணுக்கு முன்னால் இருந்த தெரிவு, குறைவான குஞ்சுகளா அல்லது குஞ்சே இல்லாமையா என்பதாக இருந்தது.

இந்தக் கண்டுபிடிப்பில் வியப்புக்குரியது பறவைகள் செய்தது மட்டுமன்று. பல பத்தாண்டுகளாக வளையமிடப்பட்டு, எண்ணப்பட்டு, குறிப்பேடுகளில் ஏற்றப்பட்ட ஓர் இனத்தில் இது எப்படிப் பார்வைக்குத் தப்பியது என்ற கேள்விதான் அதைவிடப் பெரியது. ஆணும் பெண்ணும் ஒத்த தோற்றமுடைய இனங்களைக் களத்தில் ஆய்வோர், புணர்ச்சியின்போது மேலே ஏறுவது ஆண், கீழே இருப்பது பெண் என்று குறித்துக்கொள்வது வழக்கம். கூட்டில் சேர்ந்திருக்கும் இரண்டில் ஒன்றின் பாலினம் தெரிந்தால் மற்றதற்கு எதிர்ப்பால் என்று எழுதிக்கொள்வதும் அப்படித்தான். பெரும்பாலும் இது சரியாகவே அமையும். ஆனால் இந்த முறையைக் கையாளும் வரையில், ஒரே பாலினத்தைச் சேர்ந்த இரண்டு விலங்குகள் கூடுவதைக் கண்ணெதிரே பார்த்தாலும் அவ்வாறு பதிவு செய்வதற்கு இடமே இருக்காது. எதைக் கண்டறிய வேண்டுமோ அதைப் பற்றிய முடிவு அளவுகோலுக்குள்ளேயே முன்கூட்டி எழுதப்பட்டுவிட்டது. இத்துறையின் வரலாற்றில் திரும்பத் திரும்ப எதிர்ப்படும் சிக்கல் இதுவே.

பார்த்தவர்கள் பழங்காலத்திலேயே இருந்தார்கள். ஆண் புறா இல்லாதபோது பெண் புறாக்கள் ஒன்றன்மேல் ஒன்று ஏறுகின்றன என்றும், அப்போது வழக்கத்தைவிட அதிக முட்டைகள் இடுகின்றன என்றும், அம்முட்டைகளிலிருந்து குஞ்சு வருவதில்லை என்றும் அரிஸ்டாட்டில் எழுதிவைத்தார். இரண்டாயிரத்து முந்நூறு ஆண்டுகளுக்கு முந்தைய இந்தக் குறிப்பில் பழிப்போ பதற்றமோ இல்லை; முட்டைக் கணக்கு இருக்கிறது. பத்தொன்பதாம் நூற்றாண்டு ஐரோப்பாவின் பூச்சியியலாளர்களிடம் அந்த நிதானத்தைக் காண முடியாது. காக்சேஃபர் எனப்படும் வண்டினத்தில் ஆணும் ஆணும் புணர்ந்த நிலையில் பிடிபட்டதைப் பற்றி 1830கள் முதலே குறிப்புகள் வெளிவந்தன. வலிய வண்டு மெலியதை வன்முறைக்கு உட்படுத்தியது என்றார் ஒருவர். சற்றுமுன் பெண்ணுடன் கூடிய ஆணின்மேல் ஒட்டியிருந்த மணம் மற்றதை ஏமாற்றியது என்று வேறு சிலர் கருதினர். 1896இல் பிரெஞ்சு ஆய்வாளர் அன்றி கதோ த கெர்வில் இவ்வகைச் செயலை இரண்டாகப் பிரித்தார்: பெண் கிடைக்காத நெருக்கடியால் செய்வது ஒன்று, பெண்கள் இருக்கும்போதும் விருப்பத்தால் செய்வது மற்றொன்று. கட்டுரைத் தலைப்பில் அவர் அதைப் பிறழ்வு என்றே அழைத்தார் என்றாலும், தேவைக்கும் விருப்பத்துக்கும் இடையே அவர் போட்ட கோடு இன்றைய ஆய்வுகளிலும் வேறு பெயர்களில் நீடிக்கிறது. நான்கு ஆண்டுகளுக்குப் பிறகு, ஃபெர்டினாண்ட் கார்ஷ் என்ற ஜெர்மானிய விலங்கியலாளர் அதுவரை சிதறிக்கிடந்த இத்தகைய குறிப்புகளைத் தொகுத்து வெளியிட்டார். அந்தத் தொகுப்பை விலங்கியல் உலகம் அதிகம் பொருட்படுத்தவில்லை.

அந்தக் காலத்தின் மனப்பாங்கைக் காட்ட ஜார்ஜ் மரே லெவிக்கைவிடப் பொருத்தமான சான்று கிடையாது. பிரித்தானியத் துருவப் பயணி ராபர்ட் ஸ்காட்டின் கடைசி அண்டார்க்டிக் பயணத்தில் மருத்துவராகச் சென்ற அவர், 1911–12இல் அடேர் முனையில் அடேலி பென்குயின்களின் இனப்பெருக்கப் பருவம் முழுவதையும் கவனித்தார். ஆண்கள் ஆண்களுடன் கூடுவதையும், இறந்துபோன பெண் பென்குயின்களின் உடல்களுடன் கூட முயல்வதையும், குஞ்சுகளைக் கொடுமைப்படுத்துவதையும் கண்டு அதிர்ந்த அவர், குறிப்பேட்டின் அப்பகுதிகளைக் கிரேக்க எழுத்துகளில் எழுதினார். படிக்கத் தகுதியானவர் மட்டுமே படிக்க வேண்டும் என்பது நோக்கம். பென்குயின்களைப் பற்றி அவர் 1914இல் வெளியிட்ட நூலில் இவை இடம்பெறவில்லை. இவற்றுக்கென்று தனியே எழுதிய சிறு கட்டுரை 1915இல் வெளியீட்டுக்கு அல்ல என்ற எச்சரிக்கையுடன் வெறும் 100 படிகள் அச்சிடப்பட்டு, தெரிந்தெடுத்த சிலருக்கு மட்டும் கொடுக்கப்பட்டது. அதன் படி ஒன்று இங்கிலாந்தின் இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்தில் கண்டெடுக்கப்பட்டு 2012இல்தான் பொதுவெளிக்கு வந்தது. இடைப்பட்ட காலத்தில் மற்ற ஆய்வாளர்கள் அதே நடத்தைகளைத் தாங்களாகவே முதல்முறையாகக் கண்டுபிடிக்க வேண்டியிருந்தது. லெவிக்கின் நேர்மையைக் குறைசொல்ல முடியாது. கண்டதை அவர் எழுதத்தான் செய்தார். ஒழுக்கம் கெட்ட போக்கிரிகள் என்று அவர் கண்ட இடத்தில், துணையையும் இறந்த உடலையும் வேறுபடுத்தி அறியாத அனுபவமற்ற இளம் பறவைகளைத்தான் இன்றைய பறவையியலாளர்கள் காண்கிறார்கள்.

இருபதாம் நூற்றாண்டில் பழிப்புச் சொற்கள் குறைந்தன. அவற்றின் இடத்தில் மாற்று விளக்கங்கள் வந்து அமர்ந்தன. ஒரு கிடா இன்னொரு கிடாவின் மேல் ஏறினால் அது அதிகாரத்தைக் காட்டுவது. இளம் விலங்குகள் செய்தால் பயிற்சி. கூண்டில் நடந்தால் அடைபட்ட வாழ்வின் கோளாறு. வேறெதுவும் பொருந்தாவிட்டால் ஆளறியாப் பிழை. ஒவ்வொன்றும் ஏதோ ஓர் இனத்தில், ஏதோ ஒரு சூழலில் உண்மையாகவே பொருந்தக்கூடியதுதான். ஆனால் ஆணும் பெண்ணும் கூடுவதைப் பாலியல் நடத்தை என்று சொல்ல எவரும் தனிச் சான்று கேட்டதில்லை. அதே அசைவுகளை இரண்டு ஆண்கள் செய்தால் மட்டும், பாலியல் அல்லாத எல்லா விளக்கங்களும் தீர்ந்த பிறகே அந்தச் சொல்லுக்கு அனுமதி கிடைத்தது. கனடாவின் மலைகளில் பெருங்கொம்புச் செம்மறிகளைப் பல ஆண்டுகள் ஆராய்ந்த வலேரியஸ் கைஸ்ட், கிடாக்கள் ஒன்றன்மேல் ஒன்று ஏறுவதைத் தாம் நெடுநாள் வன்மம் கலந்த பாலியல் செயல் என்று பெயரிட்டுச் சுற்றிவளைத்ததையும், அந்தக் கம்பீரமான விலங்குகளைத் தன்பாலின நாட்டமுள்ளவை என்று எண்ணத் தம் மனம் ஒப்பாமல் போனதையும் பிற்பாடு வெளிப்படையாக ஒப்புக்கொண்டார். இத்தனை நேர்மையான ஒப்புதல் அறிவியல் எழுத்தில் அரிது. 1987இல்கூட, மொராக்கோவில் நீல வண்ணத்துப்பூச்சிகளில் ஆணுடன் ஆண் கூட முயன்றதைப் பற்றிய ஒரு குறிப்பு, வண்ணத்துப்பூச்சிகளின் ஒழுக்கத் தரம் தாழ்ந்துவருவதாகத் தலைப்பிட்டு ஓர் ஆய்விதழில் வந்தது. நகைச்சுவை என்று அதை விட்டுவிடலாம்; ஆனால் வேறெந்த நடத்தையைப் பற்றிய குறிப்பும் நகைச்சுவையின் துணையோடுதான் அச்சேற வேண்டும் என்ற நிலை இருந்ததில்லை.

1977இல் வந்த ஒரு கட்டுரை இந்த மௌனத்தில் பெரிய விரிசலை உண்டாக்கியது. கலிஃபோர்னியாவுக்கு அப்பால் உள்ள சாண்டா பார்பரா தீவில், வழக்கமாக மூன்று முட்டைகள் இருக்கும் கடற்காகக் கூடுகள் சிலவற்றில் நான்கு முதல் ஆறு முட்டைகள் இருப்பதைக் கண்ட ஜார்ஜ் ஹண்ட், மோலி ஹண்ட் இருவரும், அந்தக் கூடுகள் பெண்–பெண் இணைகளுக்கு உரியவை என்று நிறுவினர். அரிஸ்டாட்டிலின் முட்டைக் கணக்கு இங்கே வேறு வடிவில் திரும்பி வருகிறது. நான்கு ஆண்டுகள் கழித்து, டிடிடி என்னும் பூச்சிக்கொல்லியைக் கடற்காக முட்டைகளுக்குள் செலுத்திப் பார்த்த ஆய்வொன்று, ஆண் கருக்களின் இனப்பெருக்க உறுப்புகள் பெண் தன்மை அடைவதைக் காட்டியது. தென் கலிஃபோர்னியக் கடலில் அந்த நஞ்சு பெருமளவில் கலந்திருந்த காலம் அது. ஆகவே, இனப்பெருக்கத்துக்குத் தகுதியான ஆண்கள் குறைந்ததால் பெண்கள் தங்களுக்குள் இணைந்தன என்ற விளக்கம் வலுப்பெற்றது. சாண்டா பார்பராவைப் பொறுத்தவரை அது நியாயமான விளக்கமே. சிக்கல் அதற்குப் பிறகு நேர்ந்தது: பெண்–பெண் இணை என்றாலே சூழல் கெட்டதன் அறிகுறி என்ற எண்ணம் பலரிடம் தங்கிவிட்டது. கயேனா முனையின் அல்பட்ராஸ்களில் நஞ்சுக்கு எந்தப் பங்கும் இல்லை. அங்கே பெண்கள் அதிகம், அவ்வளவுதான்.

1999இல் புரூஸ் பேஜ்மில் என்ற கனடிய ஆய்வாளர், அதுவரை ஆய்விதழ்களின் அடிக்குறிப்புகளிலும் களக்குறிப்புகளிலும் புதைந்திருந்த செய்திகளைத் திரட்டி, 450க்கும் மேற்பட்ட இனங்களைப் பற்றிய பெரிய தொகுப்பாக வெளியிட்டார். அதன்பின் பேச்சின் போக்கு மாறியது. 1500 இனங்கள் என்ற எண்ணையும் வாசகர் பல இடங்களில் கண்டிருப்பார்கள். இத்தகைய எண்களை நான் சற்றுத் தயக்கத்தோடுதான் பார்க்கிறேன்; அவை பொய் என்பதற்காக அல்ல, ஒருமுறை மட்டும் பதிவான தவறிய ஏற்றத்தையும் 19 ஆண்டுகள் நீடித்த இணையையும் அவை ஒரே கோட்டில் நிறுத்துகின்றன என்பதற்காக. 2009இல் நாதன் பெய்லியும் மார்லீன் சுக்கும் எழுதிய மீள்பார்வைக் கட்டுரை இந்தக் குழப்பத்தைத் தெளிவாக்கியது. ஒரு செயல் நிகழ்வது வேறு. இரு பாலினமும் கண்ணெதிரே இருக்கும்போது தன்பாலினத்தை விரும்பித் தேர்வது வேறு. அந்தத் தேர்வு வாழ்நாள் முழுதும் மாறாமல் நிற்பது வேறு. முதலாவதற்கு எடுத்துக்காட்டுகள் ஏராளம். இரண்டாவதற்குக் குறைவு. மூன்றாவது, மனிதரை விட்டால், உறுதியாகக் காட்டப்பட்டிருப்பது மிகச் சில இடங்களில்தான்.

முதல் வகைக்குக் கடலின் ஆழத்திலிருந்து ஒரு சான்று. கலிஃபோர்னியாவின் மான்டெரே கடலடியில், ஒளி அரிதாகவே எட்டும் ஆழத்தில் தனித்தனியாக வாழும் ஒரு கணவாய் இனத்தை ஆளில்லா நீர்மூழ்கிகளின் ஒளிப்படக் கருவி கொண்டு ஆராய்ந்தவர்கள், 2011இல் தங்கள் முடிவை வெளியிட்டார்கள். இந்த இனத்தின் ஆண், விந்தணுப் பைகளைத் துணையின் உடலில் ஒட்டிவிட்டுப் போய்விடும். அந்தப் பைகள் பெண்களின் உடலில் எந்த அளவுக்கு இருந்தனவோ, ஏறக்குறைய அதே அளவுக்கு ஆண்களின் உடலிலும் இருந்தன. இருட்டில், எப்போதாவது எதிர்ப்படும் தன் இனத்தை நிறுத்திவைத்து ஆணா பெண்ணா என்று ஆராய்ந்துகொண்டிருந்தால் வாய்ப்பு நீந்திப் போய்விடும். நாலு பை வீணானாலும் பரவாயில்லை என்று எல்லோர் மேலும் ஒட்டிவிடுவது அதைவிட மலிவு. சிறு விலங்குகளின் பிணத்தை மண்ணில் புதைத்து அதில் இளவுயிர்களை வளர்க்கும் ஒரு வண்டினத்தில் 2015இல் செய்த சோதனையும் இதே திசையைக் காட்டியது: பெண்ணைச் சந்திக்கும் வாய்ப்பு அருகும்போது, ஆண் வண்டுகள் மற்ற ஆண்கள் மேல் ஏறுவது கூடுகிறது. பிழைக்கு ஆகும் செலவைவிட வாய்ப்பைத் தவறவிடுவதற்கு ஆகும் செலவு பெரிது என்றால், பிழையைச் சகித்துக்கொள்ளும் உயிரே மிகுதியாகப் பெருகும். இதில் நாட்டம் என்ற பேச்சுக்கே இடமில்லை.

பழ ஈக்களிலும் இந்த எச்சரிக்கை தேவைப்படுகிறது. 1963இல் குல்பீர் கில் என்ற மரபியலாளர், பெண்களுடன் கூடி இனம் பெருக்காமல், ஆண்களையும் பெண்களையும் வேறுபாடின்றி நாடிச் சுற்றிவரும் ஒரு திரிபுற்ற ஆண் ஈ வகையைக் கண்டறிந்தார். அதற்குக் காரணமான மரபணு 1996இல் பிரித்தெடுக்கப்பட்டது. 2005இல் அந்த மரபணுவின் ஆண் வடிவத்தைப் பெண் ஈக்களில் இயங்கச் செய்தபோது, அவை ஆண்களைப் போல் சிறகை அதிர்த்துப் பெண்களை நாடிப் போயின. தன்பாலின நாட்டத்துக்கான மரபணு கிடைத்துவிட்டது என்று செய்திகள் பறந்தன. அந்த ஆய்வு உண்மையில் காட்டியது வேறொன்று: கற்றுக்கொள்ளாமலே நிகழும் சிக்கலான ஒரு காதற்சடங்கின் நரம்புப் பின்னலை ஒரே மரபணுவால் வகுத்துவிட முடியும் என்பது. ஈயிடம் கிடைத்ததை மனிதரிடம் அப்படியே தேடுவதற்கு அது வழிகாட்டவில்லை.

மூன்றாவது வகைக்கு, அதாவது நிலையான நாட்டத்துக்கு, நன்கு ஆராயப்பட்ட சான்று வீட்டுச் செம்மறியிடம் இருக்கிறது. இனவிருத்திக்கென்று வளர்த்த கிடா பெட்டை ஆட்டை நெருங்க மறுத்தால் வளர்ப்பவருக்கு நட்டம் என்பதால் இது முதலில் ஒரு கால்நடைச் சிக்கலாகவே கவனிக்கப்பட்டது. அமெரிக்காவின் ஐடஹோ மாநிலத்தில், டுபாயிஸ் என்ற ஊரில் உள்ள அரசுச் செம்மறி ஆய்வு நிலையத்தில், கிடாக்களுக்கு முன்னால் இரண்டு கிடாக்களையும் இரண்டு பெட்டைகளையும் நிறுத்தி எதை நாடுகின்றன என்று பல முறை சோதித்தார்கள். ஏறத்தாழ 8 விழுக்காட்டுக் கிடாக்கள், பெட்டைகள் அருகிலேயே இருந்தும், மீண்டும் மீண்டும் கிடாக்களையே தேர்ந்தன. இவற்றில் பெண் பஞ்சமும் இல்லை, ஆளறியாக் குழப்பமும் இல்லை, அதிகாரம் காட்டும் தேவையும் இல்லை. சார்லஸ் ரோசெல்லியும் அவருடைய குழுவும் 2004இல் வெளியிட்ட ஆய்வு, இந்தக் கிடாக்களின் மூளையில் ஹைப்போதலாமஸ் பகுதியிலுள்ள ஒரு நரம்பணுத் திரள், பெட்டைகளை நாடும் கிடாக்களில் உள்ளதில் ஏறக்குறைய பாதி அளவே இருப்பதையும், பெட்டை ஆடுகளின் அளவை ஒட்டி இருப்பதையும் காட்டியது. அந்தத் திரளின் அளவைத் தீர்மானிப்பது, குட்டி வயிற்றில் இருக்கும்போதே செயல்படும் டெஸ்டோஸ்டிரோன் என்ற ஆண் சுரப்புநீர் என்பதும் பின்னர் தெரியவந்தது.

1991இல் சைமன் லவே என்ற நரம்பியலாளர் மனித மூளையில் இதை ஒத்த ஒரு வேறுபாட்டை அறிவித்திருந்ததால், செம்மறி ஆய்வு கொட்டகையோடு நிற்கவில்லை. கிடாக்களின் நாட்டத்தை மாற்றி அமைக்கவும், நாளை மனிதக் கருவிலும் அதையே செய்யவும் முயல்கிறார்கள் என்று 2006இல் விலங்குரிமை இயக்கத்தினர் பெரும் எதிர்ப்புக் கிளப்பினர். ஆய்வுக் குழு அதை மறுத்தது. அந்த ஆண்டு வந்த செய்திகளில் பல ஆய்வின் நோக்கத்தைத் திரித்தவை என்பது என் கருத்து. ஆனாலும் அந்த அச்சத்தை அடிப்படையற்றது என்று தள்ளிவிடுவதும் எளிதன்று. காரணம் கண்டறியப்பட்ட எதையும் சரிசெய்ய வேண்டிய குறையாகப் பார்ப்பது மருத்துவ வரலாற்றில் நடந்திராத செயலல்ல.

குரங்கினங்களிடம் வரும்போது படம் மறுபடியும் மாறுகிறது. காங்கோவின் வாம்பாவில் 1970கள் முதல் சிம்பன்சியின் நெருங்கிய உறவான போனபோக்களைக் கவனித்த தகயோஷி கானோவும், பின்னர் சான் டியேகோ விலங்குக்காட்சிசாலையில் அவற்றைப் படம்பிடித்து ஆராய்ந்த ஃபிரான்ஸ் டி வாலும், பெண் போனபோக்கள் ஒன்றையொன்று தழுவிப் பிறப்புறுப்புகளை உரசிக்கொள்வது அன்றாட நிகழ்வு என்பதைக் காட்டினர். உணவு கிடைக்கும் பொழுதிலும் பிணக்குக்குப் பின்னும் இது மிகும். பிறந்த கூட்டத்தைவிட்டு அயல் கூட்டத்துக்குச் செல்லும் பெண்கள், உறவில்லாத மற்றப் பெண்களோடு நெருங்கிக் கூட்டணி கட்டும் சமூகம் அது. அந்தக் கூட்டணியின் வலிமையால்தான் உடல்வலு மிக்க ஆண்கள்கூட அங்கே அடங்கி நடக்கின்றன. லூயிகோடாலே என்ற இடத்தில் காட்டுப் போனபோக்களின் சிறுநீரைச் சோதித்த 2019ஆம் ஆண்டு ஆய்வு, பெண்–பெண் உரசலுக்குப் பிறகு, சமூகப் பிணைப்போடு தொடர்புடைய ஆக்ஸிடோசின் என்ற சுரப்புநீரின் அளவு உயர்வதையும், ஆணுடன் கூடிய பிறகு அத்தகைய உயர்வு இல்லாததையும் கண்டது. இங்கே பாலியலும் அரசியலும் பிரிக்க முடியாதபடி பின்னிக் கிடக்கின்றன என்பதால், இது உண்மையில் பாலியலா, சமூக உறவா என்று கேட்பதே பொருளற்றதாகிவிடுகிறது.

ஆனால் எல்லாவற்றையும் சமூகப் பயன் என்று சொல்லி முடித்துவிடவும் முடியாது. கியோட்டோ அருகே அராஷியாமாவில் ஜப்பானியக் குரங்குகளைப் பல்லாண்டுகள் ஆராய்ந்த பால் வேசி, பெண்கள் இணைந்து, மணிக்கணக்கிலிருந்து வாரக்கணக்கு வரை பிரியாமல், மாறி மாறி ஒன்றன்மேல் ஒன்று ஏறுவதைப் பதிவு செய்தார். அதிகாரம், சமாதானம், கூட்டணி, குட்டி வளர்ப்பில் உதவி என்று நினைக்கக்கூடிய ஒவ்வொரு பயனையும் தரவுகளோடு ஒப்பிட்டார், எதுவும் பொருந்தவில்லை. தாழ்ந்த நிலையிலுள்ள பெண்ணும் உயர்ந்த நிலையிலுள்ளதன் மேல் ஏறுகிறது. தாய், மகள், தமக்கை, தங்கை என்னும் நெருங்கிய உறவுகளை இவை தவிர்க்கின்றன. பாலியல் அல்லாத விளையாட்டாக இருந்தால் அந்த விலக்கு தேவைப்பட்டிருக்காது. ஆண்கள் கெஞ்சிச் சுற்றிவந்தாலும் பெண் துணையைவிட்டுப் பிரிய மறுக்கும் பெண்களும் உண்டு. மந்தமான ஆண்களைத் தூண்டுவதற்காகப் பெண்கள் அவர்கள் மேல் ஏறும் வழக்கம் முதலில் தோன்றி, அதில் கிடைக்கும் இன்பத்தால் மற்றப் பெண்களிடமும் அது பரவியிருக்கலாம் என்பது வேசியின் கருத்து. அதாவது, அந்தச் செயலுக்கென்று தனிப்பயன் ஏதும் இல்லை. இன்பமே போதுமான காரணம். எல்லாவற்றுக்கும் பயன் தேடிப் பழகிய பரிணாம உயிரியலுக்கு இதை விழுங்குவது சற்றுக் கடினமாகவே இருந்தது.

புவேர்ட்டோ ரிக்கோவை ஒட்டிய கயோ சாண்டியாகோ தீவின் ரீசஸ் குரங்குகளிடம் தரவு இன்னும் திடமானது. 1938இல் அங்கே விடப்பட்ட குரங்குகளின் வழிவந்தவை அவை, பெற்றோர் பரம்பரை பல தலைமுறைகளுக்குப் பதிவாகியிருக்கிறது. 236 ஆண்களை மூன்று ஆண்டுகள் கவனித்து 2023இல் வெளியிடப்பட்ட ஆய்வில், 72 விழுக்காடு ஆண்கள் மற்ற ஆண்கள் மேல் ஏறின. பெண்கள் மேல் ஏறியவை 46 விழுக்காடு. தனிக் குரங்குகளுக்கிடையே உள்ள வேறுபாட்டில் 6.4 விழுக்காடு மரபுவழி வருவது என்றும், ஒன்றன்மேல் ஒன்று ஏறிய ஆண்கள் சண்டையில் ஒன்றுக்கொன்று துணைநிற்கும் வாய்ப்பு அதிகம் என்றும், அவற்றின் குட்டிகளின் எண்ணிக்கை இதனால் குறைந்துவிடவில்லை என்றும் அந்த ஆய்வு சொன்னது.

இந்தக் கடைசிச் செய்தி ஒரு பழைய புதிரின் வேரைத் தொடுகிறது. சந்ததி தராத நடத்தையை இயற்கைத் தேர்வு ஏன் நீக்கிவிடவில்லை என்பது டார்வினியப் புதிர் என்ற பெயரில் நெடுங்காலம் பேசப்பட்டது. தன் பாலினத்துடன் கூடும் விலங்கு எதிர்ப்பாலினத்துடன் கூடாது என்று வைத்துக்கொண்டால்தான் அது புதிராகும். பெரும்பாலான இனங்களில் அதே விலங்கு இரண்டையும் செய்கிறது. 2019இல் ஜூலியா மாங்க் உள்ளிட்ட ஐவர் எழுதிய கட்டுரை இன்னொரு படி மேலே போய்க் கேள்வியையே புரட்டிப்போட்டது. பாலினங்கள் தோற்றத்தாலும் மணத்தாலும் வேறுபடத் தொடங்குவதற்கு முன்பே பால்வழி இனப்பெருக்கம் தோன்றிவிட்டது. அந்தத் தொன்மையான உயிர்கள் ஆண்–பெண் பாராமல் கூட முயன்றிருக்கவே வாய்ப்பு அதிகம். அப்படியானால் எதிர்ப்பாலினத்தை மட்டும் நாடும் நடத்தைதான் பின்னால், அதற்கான செலவைத் தாங்கும் இனங்களில், வளர்ந்திருக்க வேண்டும். விளக்கம் கேட்க வேண்டியதும் அதனிடம்தான். இது கருதுகோள் மட்டுமே. 2023இல் ஸ்பானிய ஆய்வாளர்கள் 261 பாலூட்டி இனங்களின் பதிவுகளை உறவுமரத்தில் பொருத்திப் பார்த்தபோது, பாலூட்டிகளில் இந்த நடத்தை பல கிளைகளில் தனித்தனியே தோன்றி மறைந்திருப்பதாகவும், கூட்டமாக வாழும் இனங்களிலும் தம்மினத்தைக் கொல்லும் மோதல் மிகுந்த இனங்களிலும் கூடுதலாகக் காணப்படுவதாகவும் கண்டனர். ஒன்று விலங்குலகின் தொடக்கத்தைப் பற்றியது, மற்றது பாலூட்டிகளைப் பற்றியது என்பதால் இரண்டும் முரண்பட்டே தீர வேண்டும் என்பதில்லை. ஆனால் இரண்டாவது ஆய்வின் அடித்தளமான பட்டியலில் குரங்கினங்கள் மிகுந்திருப்பதை நினைவில் வைக்க வேண்டும். குரங்குகள் இதை மிகுதியாகச் செய்கின்றனவா, அல்லது குரங்குகளை நாம் மிகுதியாகப் பார்க்கிறோமா என்பதைப் பட்டியல் சொல்லாது.

எதை எழுதுவது, எதை விடுவது என்ற பழைய சிக்கலும் தீர்ந்துவிடவில்லை. 2024இல் டொராண்டோ பல்கலைக்கழகத்தினர், பாலூட்டிகளைக் களத்தில் ஆராயும் 65 வல்லுநர்களிடம் கேட்டபோது, அவர்களில் ஏறத்தாழ 77 விழுக்காட்டினர் தாம் ஆராயும் இனத்தில் இந்த நடத்தையைப் பார்த்திருந்தார்கள். அதைத் தரவாகக் குறித்துக்கொண்டவர்கள் பாதிக்கும் சற்றுக் குறைவு. அச்சில் வெளியிட்டவர்கள் ஐந்தில் ஒருவருக்கும் குறைவு. சமூகம் என்ன சொல்லுமோ என்ற அச்சத்தைப் பெரும்பாலோர் காரணமாகச் சொல்லவில்லை. எப்போதாவது காணப்படும் செயல், எங்கள் ஆய்வுக்கு அது முதன்மையானதல்ல என்பதே விடை. லெவிக் கிரேக்க எழுத்தில் மறைத்ததை இன்றைய ஆய்வாளர் முன்னுரிமையின்மையால் விட்டுவிடுகிறார். எண்ணிக்கையில் இரண்டின் விளைவும் ஒன்றே: எழுதப்படாதது அரிதானதாகத் தோன்றுகிறது, அரிதானது எழுதத் தக்கதாகத் தோன்றுவதில்லை.

ஆய்வகத்துக்கு வெளியே இந்தச் செய்திகளுக்கு வேறொரு வாழ்க்கை உண்டு. தன்பாலின உறவு இயற்கைக்கு மாறானது என்று வாதிட்டவர்களுக்கு எதிராக விலங்குகள் சாட்சிக்கு அழைக்கப்பட்டன. தன்பாலின உறவைக் குற்றமாக்கிய டெக்சஸ் மாநிலச் சட்டத்தை எதிர்த்து 2003இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் விசாரித்த லாரன்ஸ் வழக்கில் அமெரிக்க மனநல மருத்துவர் சங்கம் அளித்த கருத்துரையிலும் பேஜ்மிலின் தொகுப்பு சுட்டப்பட்டது. இயற்கையில் இல்லை என்ற உண்மைசார்ந்த கூற்றை மறுக்க இது செல்லுபடியாகும் சான்றுதான். அதைத் தாண்டி, விலங்குகள் செய்வதால் ஒன்று நல்லதாகிவிடும் என்று போனால், அதே அடேலி பென்குயின்கள் அந்த வாதத்தைக் கவிழ்த்துவிடும். நியூயார்க் சென்ட்ரல் பார்க் விலங்குக்காட்சிசாலையில் ராய், சைலோ என்ற இரண்டு ஆண் பென்குயின்கள் சேர்ந்து ஒரு குஞ்சை வளர்த்தன. அவற்றைப் பற்றிய சிறுவர் நூல் வெளியான 2005இலேயே சைலோ ஒரு பெண் பென்குயினுடன் இணைந்துகொண்டது. ஒரு தரப்பு துவண்டது, மறுதரப்பு கொண்டாடியது. பென்குயின் இணைகள், எந்தப் பாலினத்தைச் சேர்ந்தவையாக இருந்தாலும், அவ்வப்போது துணை மாற்றிக்கொள்ளும் என்பதை இரு தரப்பாருமே கேட்கும் நிலையில் இல்லை.

2022 ஜனவரியில் ஹவாயின் மாவி தீவுக்கு மேற்கே, படகில் இருந்த இரண்டு ஒளிப்படக் கலைஞர்கள் தங்களை நெருங்கி வட்டமிட்ட இரண்டு கூன்முதுகுத் திமிங்கிலங்களைப் படம் எடுத்தார்கள். அந்தத் திமிங்கிலங்கள் புணர்ந்துகொண்டிருந்தன. மேலே இருப்பது ஆண், கீழே இருப்பது பெண் என்ற பழைய முறை கையாளப்பட்டிருந்தால் விவகாரம் அங்கேயே முடிந்திருக்கும். ஆனால் படங்களில் இரண்டின் அடிவயிறும் தெளிவாகத் தெரிந்தன, இரண்டும் ஆண்கள். கீழே இருந்தது மெலிந்து, தாடை சிதைந்து, உடலெங்கும் பேன் பற்றி இருந்தது; கப்பல் மோதியிருக்கலாம். விட்டு விலக அது முயன்றதா, அதிகாரம் காட்டலா, ஆளறியாப் பிழையா, நலிந்த துணைக்கு ஆறுதலா என்று 2024இல் வெளிவந்த ஆய்வுக் குறிப்பு சில வாய்ப்புகளைச் சொல்லி, எதையும் முடிவாக உரைக்காமல் விட்டுவிட்டது. வழக்கமான புணர்ச்சியோடு ஒப்பிட்டுப் பார்க்கலாம் என்றால் அதற்கும் வழியில்லை. அரை நூற்றாண்டாகப் பாட்டு பதிவு செய்யப்பட்டு, வால் துடுப்பின் அடையாளம் கொண்டு ஆயிரக்கணக்கில் பெயரிடப்பட்ட அந்த இனத்தில், புணர்ச்சியைப் பற்றி அறிவியல் ஏடுகளில் ஏறிய முதல் பதிவே அதுதான்.